கண்மாயில் விட்ட எரிமலை

கூமாப்பட்டி காளீஸ்வரிக்கு எரிமலைகளைப் பற்றித் தெரிந்ததெல்லாம் ஒன்றுதான்: அவை தூங்கும்போது பக்கத்தில் சத்தமாகப் பெருக்கக் கூடாது. ராஜபாளையத்து நூல் மில்லில் பல வருஷம் பஞ்சுத் தூசியை விழுங்கி, நெஞ்சு கட்டிப்போய் வெளியே வந்தவள், மலைமேலிருந்த எரிமலைக் கழகத்தில் சாம்பல் கூட்டும் வேலைக்குச் சேர்ந்திருந்தாள். "தூசிக்குன்னே பொறந்தவ" என்று புருஷன் பால்பாண்டி கிண்டல் செய்வான். அவள் அதைக் காதில் போட்டுக்கொள்வதில்லை.

கழகம் பாதி மலையிலும் பாதி மேகத்திலுமாக நிற்கும். பஸ் மாந்தோப்புகளைத் தாண்டியதும் கண்டக்டர், ஏதோ பால் பண்ணை நிறுத்தம் மாதிரி, "எரிமலை காலேஜ் எறங்கு!" என்று சாவகாசமாகக் கூவுவார். அங்கே படிக்கிறவர்கள் ஆளுக்கொரு எரிமலையை மண்சட்டியில் வளர்ப்பார்கள். தேங்காய் பருமன்தான் இருக்கும். கோபம் வந்தால் பட்டாணி அளவு நெருப்பைத் துப்பும். மதியமானால் எல்லாம் தூங்கிவிடும். அவை காணும் கனவு, பக்கத்தில் கண்ணயர்கிறவர்களுக்கும் வரும். அதனால் வகுப்பில் தூங்கினால் அங்கே யாரும் திட்டுவதில்லை. தூங்குவதுதான் பாடமே.

காளீஸ்வரியும் மதியச் சோற்றை முடித்துவிட்டுக் கடைசி அலமாரியோரம் தலை சாய்ப்பாள். அங்கே இருந்தது உள்ளதிலேயே சின்ன எரிமலை. அதன் கனவில் மெட்டி போட்ட ஒரு பெரிய பாதம் நடந்து வரும். பின்னாலேயே விளக்குமாறு வரும். அப்புறம் கூரையை மறைத்துக்கொண்டு ஒரு முகம் குனியும். அது தன் முகம்தான் என்று புரிந்த அன்று அவள் பஸ்ஸில் தனக்குத்தானே சிரித்துக்கொண்டு வீடு வந்து சேர்ந்தாள். பிள்ளை இல்லாத ஏக்கம் என்று நினைத்துவிடாதீர்கள். அவளுக்கு மூன்று பிள்ளைகள், மூன்றும் அவள் உயிரை வாங்குகிறவை. ஆனாலும் நம்மைக் கனவு காண ஒரு ஜீவன் இருக்கிறதென்றால் யாருக்குத்தான் மனசு நிறையாது?

ஆடி பிறந்ததும் அந்தச் சட்டியில் புகை நின்றது. கனவும் நின்றது. கழகத் தலைவி நாராயணி, ஸ்ரீவில்லிபுத்தூர் மாட வீதிக்காரர், தொட்டுப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார்.

"குளிர்ந்துடுத்து. வெள்ளிக்கிழமை பின்பக்கம் கொட்டிடுங்கோ."

கொட்டியதை உடைத்துப் பாதைக்குப் போடுவார்கள். காளீஸ்வரிக்குத் தாங்கவில்லை. கூட்டிய சாம்பலோடு சாம்பலாகச் சட்டியைக் கூடையில் வைத்து ஊருக்குக் கொண்டுவந்துவிட்டாள். வீட்டில் வைத்தால் பிள்ளைகள் பந்து விளையாடிவிடும். சட்டியோடு சட்டியாக ஒளிக்க அப்போது முளைப்பாரி வீடுதான் இருந்தது. மாரியம்மன் பொங்கலுக்காகப் பெண்கள் சட்டிகளில் பயறு விதைத்து, வெளிச்சம் புகாத அறையில் வைத்து, சுற்றி வந்து கும்மி கொட்டி வளர்க்கிற வீடு. ஆண்கள் வாசலோடு சரி. பொங்கலன்று சட்டிகளை ஊர்வலமாகத் தூக்கிப்போய்க் கண்மாய்த் தண்ணீரில் விடுவார்கள். அங்கே ஒரு மூலையில் சட்டியை ஒளித்து வைத்தாள். பொங்கலுக்கு முன்னால் எடுத்துவிடலாம் என்று நினைப்பு.

பாரி போடுவதில் மூத்தவள் பெத்தம்மாள். அந்த இருட்டில் மூலைச் சட்டியைத் தடவிப் பார்த்தவள், யாரோ விதைக்காமல் விட்ட சட்டி என்று நினைத்துவிட்டாள். ஒரு கை எருவும் தாராளமாக மொச்சையும் பயறும் தூவித் தண்ணீரும் தெளித்தாள். அதையும் சேர்த்துச் சுற்றித்தான் அன்று முதல் கும்மி நடந்தது.

எடுத்துப்போக வந்த காளீஸ்வரி அப்படியே நின்றுவிட்டாள். மற்ற சட்டிகளில் முளை வெளிறிய மஞ்சளாக நின்றது. இருட்டில் வளர்வது அப்படித்தான் இருக்கும். மூலைச் சட்டியில் மட்டும் கரும்பச்சை, முழங்கை உயரம். முளைகளை விலக்கிப் பார்த்தாள். அடியில் பீடிக் கங்கு போல ஒரு சிவப்பு. சட்டி கதகதவென்று இருந்தது, பக்கவாட்டில் விரிசலும் கண்டிருந்தது. கத்திவிடாமல் இருக்க வாயைப் பொத்திக்கொண்டாள்.

"ஏட்டி, யாரு சட்டி இது? அம்மனே வந்து உக்காந்திருக்கா!" என்றாள் பெத்தம்மாள்.

"எஞ்சட்டிதான் மதினி. வீட்டுக்குக் கொண்டு போறேன்."

"நல்லாருக்குட்டி கதை! சாமிக்குன்னு வெதச்சதக் கண்மாயில விடாமத் தூக்கிட்டுப் போனா ஊருக்கு ஆகுமா?"

ஆகாது. அது காளீஸ்வரிக்கும் தெரியும். தண்ணீர் பட்டால் நெருப்பு என்னாகும் என்பதும் அடுப்பு அணைக்கிறவளுக்குத் தெரியாதா? பிழைத்ததைத் தன் கையாலேயே கொல்ல வேண்டுமே என்று ஊர்வலத்தில் கடைசி ஆளாக நடந்தாள். தலையில் சும்மாட்டையும் மீறி இளஞ்சூடு இறங்கிக்கொண்டே இருந்தது.

கண்மாய்க்கரையில் நாராயணி நின்றிருந்தார். கொட்டச் சொன்ன சட்டி கணக்கில் காணாமற்போனதால் தேடி வந்திருந்தார். அவரைக் கண்டதும் காளீஸ்வரிக்கு உயிர் வந்தது.

"மேடம், களவாண்டது நாந்தான். எம்புட்டு வேணாலும் ஏசுங்க. இது உசுரோட இருக்கு, வாங்கிட்டுப் போயிருங்க."

நாராயணி சட்டியைத் தொட்டார். வெகுநேரம் கையை எடுக்கவில்லை.

"எடுத்துண்டு போகலாம். ஆனா விரிசலைப் பாரு, வளர்ந்துடுத்து. திரும்பவும் சட்டிக்குள்ள அடைச்சா திரும்பவும் குளிர்ந்துடுமோன்னு பயமா இருக்கு. கடலுக்கடியில எரிமலை உண்டு. ஆனா இத்தனை குட்டியை யாரும் தண்ணியில விட்டுப் பார்த்ததில்லே. பிழைக்குமான்னு எனக்கு நிஜமாவே தெரியாது, காளீஸ்வரி. நீயே சொல்லு."

காளீஸ்வரிக்கு மில் ஞாபகம் வந்தது. ஜன்னல் திறக்காத அந்தக் கொட்டகையில் மூச்சு மட்டும் விட்டுக்கொண்டு கிடந்த வருஷங்கள். இடுப்பளவு தண்ணீரில் இறங்கினாள். பின்னால் குலவைச் சத்தம் எழுந்தது. முளைகளை ஒருதரம் தடவிக்கொடுத்துவிட்டுக் கையை விட்டாள். உஸ்ஸென்று ஆவி கிளம்பியது. பிறகு தண்ணீர் மூடிக்கொண்டது.

எல்லோரும் கோயிலுக்குத் திரும்பினார்கள். அவள் மட்டும் படித்துறையில் கால்களைத் தண்ணீரில் போட்டபடி உட்கார்ந்து, முந்தானையை வாயில் பொத்திக்கொண்டு அழுதாள். அழுத அசதியில் கண் செருகியது.

எங்கும் பச்சைத் தண்ணீர். மேலே, நெளிகிற வெளிச்சத்துக்கு அப்பால், மெட்டி போட்ட இரண்டு பாதங்கள். அதற்கும் மேலே, மலையைவிடப் பெரிதாக, முந்தானையை வாயில் பொத்திக்கொண்டு ஒருத்தி அழுதுகொண்டிருந்தாள்.

திடுக்கிட்டு விழித்தாள். காலடியில் தண்ணீர் வெதுவெதுப்பாக இருந்தது.

"ஏட்டி, பொழுதாச்சு, வரலயா?" கரைமேலிருந்து பெத்தம்மாள் கூப்பிட்டாள்.

காளீஸ்வரி அவசரமாக முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "செத்த நேரம் இருந்துட்டு வாரேன் மதினி. என்னையப் பாத்துக்கிட்டு இருக்கு."