சுகன்யா தேடிய கருங்கல் சுவர்

கரட்டுப்பட்டியில் 'சுத்தியல் டீச்சர்' என்று சொன்னால்தான் சுகன்யாவைத் தெரியும். திண்டுக்கல்லில் ஒரு கல்லூரியில் நிலவியல் பாடம் நடத்துகிறாள். வார நாளில் சேலையும் கைப்பையுமாக ஒழுங்காகப் பஸ் ஏறுகிற பெண், சனிக்கிழமை விடிந்தால் சுத்தியல், திசைகாட்டி, ஒரு டப்பா புளிச்சோறு சகிதம் ஸ்கூட்டியில் சிறுமலைக்குக் கிளம்பிவிடுவாள். திரும்பும்போது பை நிறையக் கல். "ஊர்ல கல்லுக்கா பஞ்சம்? மலையில இருந்து வேற சொமந்துட்டு வர்றா" என்று அம்மா மூக்காயி தலையில் அடித்துக்கொள்வாள். அம்மாவைச் சொல்லிக் குற்றமில்லை. அடுப்படியில் உப்பு ஜாடிக்குப் பக்கத்தில்கூட ஒரு கல் உட்கார்ந்திருந்தது.

சிறுமலை என்று பெயர் வைத்த புண்ணியவான் அதில் ஏறிப் பார்த்திருக்க மாட்டான். பஸ் போகிற பாதையை விட்டு இறங்கினால் முள், சரளை, கால் வைத்தால் உருளும் பாறை. அந்த மலையில்தான் சுகன்யாவுக்கு உயிர். வெளிர் நிறப் பாறைக்கு நடுவே அங்கங்கே கன்னங்கரேலென்று ஒரு பட்டை ஓடும். பூமி வெடித்த இடுக்கில் உருகிய குழம்பு ஏறி உறைந்து போன கல் அது. மண்ணுக்கு அடியிலும் சுவர் மாதிரி நீண்டு கிடக்கும். மலையிலிருந்து கசிந்து வரும் தண்ணீர் அந்தச் சுவரில் முட்டி மேல்பக்கமே நின்றுவிடும். கீழ்ப்பக்கம் எவ்வளவு துளைத்தாலும் புழுதிதான். இதை வகுப்பில் அவள் சொல்லாத வருடம் இல்லை.

அப்பா சுருளிவேலுக்கு மலை அடிவாரத்தில் ஒரு தென்னந்தோப்பு. அதற்கு மேற்புறம், மலையை ஒட்டி, பங்காளி ஆவுடையப்பனின் தோப்பு. ஒரு காலத்தில் இரண்டும் ஒரே நிலம். பாகம் பிரித்தபோது வாய்த்தகராறு முற்றிப் பேச்சு நின்றது. இப்போது இரண்டு தோப்பிலும் கிணறு வறண்டு, மட்டைகள் காய்ந்து தொங்கின. ஆவுடையப்பன் உள்ளங்கையில் தேங்காய் வைத்து நீரோட்டம் பார்ப்பவரைக் கூட்டிவந்தார். தேங்காய் எழுந்து நின்றது, அங்கே துளைத்தும் தண்ணீர் வரவில்லை. சுகன்யா சிரித்தாள்.

சிரித்த வாய் சும்மா இருந்திருக்கலாம். "நான் எடம் காட்டுறேன்பா" என்றாள்.

தோப்பின் கீழ்க்கோடியில் கருங்கற்கள் வரிசையாகக் கிடந்தன. சிறு வயதில் ஏறி விளையாடிய கற்கள். மலையில் பார்த்த அதே கருப்பு. சுவர் இதுதான் என்று முடிவு கட்டி, அதற்குச் சற்று மேலே புள்ளி வைத்தாள். ஆழ்துளை போடும் போர் வண்டி வந்தது. பொழுது சாயும்வரை வெள்ளைப் புழுதி பறந்து தென்னை மட்டையெல்லாம் மாவு பூசிக்கொண்டது. ஈரம் என்று பேருக்குக்கூட ஒரு சொட்டு இல்லை. "தேங்காயும் பொய், படிப்பும் பொய்" என்று டீக்கடையில் தீர்ப்பு வந்துவிட்டது.

சுருளிவேல் மகளைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. "பிளாட்டு போடுற ஆளு கேட்டுக்கிட்டே இருக்கான். சித்திரை போகட்டும், குடுத்துருவோம்" என்று மட்டும் சொல்லிவிட்டுத் துண்டை உதறிப் படுத்தார். தன் வாயால் அப்பாவின் தோப்பு போகப் போகிறது என்பது சுகன்யாவுக்கு நெஞ்சில் கல்லாக இறங்கியது.

மறுநாள் கடப்பாரையோடு கீழ்க்கோடிக்குப் போனாள். ஒரு கல்லை நெம்பிப் புரட்டினாள். அடியில் ஓட்டுச் சில்லு ஒன்று பதிந்திருந்தது. வீட்டுக் கூரையில் போடுகிற சாதாரண ஓடு. அடுத்த கல்லைப் புரட்டினாள். அங்கே துருப்பிடித்த கலப்பைக் கொழு. பூமி பிறந்த காலத்துப் பாறைக்குக் கீழே கூரை ஓடு எப்படி வரும்? மனுஷன் கொண்டுவந்து போட்டால்தான் வரும். நிலம் திருத்திய முன்னோர்கள், உழவுக்கு இடைஞ்சலான கற்களைப் பெயர்த்துச் சரிவில் உருட்டிக் கீழ்க்கோடியில் சேர்த்துவிட்டார்கள். மலையில் ஒவ்வொரு கல்லையும் புரட்டிப் பார்க்கிறவள், சொந்தத் தோப்புக் கல்லைப் புரட்டிப் பார்க்கவில்லை. வீட்டுக் கல்தானே என்ற நினைப்பு. அவளுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன.

அப்படியானால் உண்மையான சுவர் எங்கே? நிலத்தில் தடயம் இல்லை. மலைக்குத்தான் போக வேண்டும். ஊருக்கு மேலே உள்ள காட்டோடையில் ஏறினாள். உச்சி வெயிலில் பாறை கொதித்தது, கையெல்லாம் முள் கீறியது. ஓடை வளைகிற இடத்தில் வெளிர் பாறையைப் பிளந்துகொண்டு அந்தக் கருப்புப் பட்டை நின்றது. இது யாரும் உருட்டி வந்த கல் இல்லை. இரண்டு பக்கமும் மலையோடு ஒட்டிப் பிறந்தது. அதன் போக்கிலேயே தவழ்ந்தும் சறுக்கியும் இறங்கினாள். பட்டை மண்ணுக்குள் மறைகிற கடைசித் திட்டில் நின்று, திசைகாட்டியை வைத்து, அதே நேர்கோட்டில் கீழே பார்த்தாள்.

கோடு சாய்வாக ஆவுடையப்பனின் தோப்புக்குள் போனது. காய்ந்த மரங்களுக்கு நடுவே, அந்தக் கோட்டுக்கு மேல்பக்கமாக, ஒரு வரிசைத் தென்னை மட்டும் இன்னும் பச்சையாக நின்றது. சுகன்யாவுக்குச் சந்தோஷத்தில் கத்த வேண்டும் போலிருந்தது. அடுத்த மூச்சில் சந்தோஷம் வடிந்தது. தண்ணீர் அப்பாவின் நிலத்தில் இல்லை.

"அவன்கிட்டப் போயா சொல்லப் போற?" வீட்டில் அவள் சொல்லி முடிப்பதற்குள் சுருளிவேல் எழுந்து நின்றுவிட்டார்.

"சொல்லாட்டி ரெண்டு தோப்பும் போயிரும்பா. சொன்னா ஒண்ணாவது நிக்கும்ல."

அவர் மறுபடி உட்கார்ந்தார். பிறகு, "போ ஆத்தா. போய்ச் சொல்லு. மரம் என்ன பாவம் பண்ணுச்சு" என்றார்.

ஆவுடையப்பன் அவளை உட்காரச் சொல்லவில்லை. அவர் மனைவி பேச்சியம்மாள்தான் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். சுகன்யா தான் செய்த தப்பையும் ஒளிக்காமல் எல்லாவற்றையும் சொன்னாள்.

"தண்ணி எம்பக்கம் இருக்குன்னு எதுக்கு எங்கிட்ட வந்து சொல்ற? ஒங்கப்பனுக்குத் தெரியுமா?"

"அப்பாதான் போகச் சொன்னாரு, பெரியப்பா."

அவர் மீசையைத் தடவிக்கொண்டு தோப்பைப் பார்த்தார். பங்கு பற்றி அவரும் பேசவில்லை, அவளும் கேட்கவில்லை. "வண்டியக் கூப்புடுறேன். நீ வந்து எடத்தக் காட்டு" என்றதோடு சரி.

போர் போட்ட அன்று ஊரே வேடிக்கை பார்க்க வந்தது. சுருளிவேல் வேலிக்கு இந்தப் பக்கமே நின்றார். சுகன்யா வைத்த புள்ளியில் துளை இறங்கியது. முதலில் அதே வெள்ளைப் புழுதி. கூட்டத்தில் யாரோ 'உச்' கொட்டினார்கள். சுகன்யா பறந்த புழுதியைக் கையில் பிடித்து நெரித்துப் பார்த்தாள். இதுவும் தப்பென்றால் இனி எந்த முகத்தோடு மலை ஏறுவது? புழுதி பழுப்பானது. பழுப்பு சேறானது. பிறகு குழாய் உறுமி, மனித உயரத்துக்குத் தண்ணீர் பீய்ச்சி அடித்தது. பேச்சியம்மாள் குலவையிட்டாள். நனைந்தவர்கள் யாரும் நகரவில்லை.

சுருளிவேல் கண்ணைத் துடைத்துக்கொண்டு வீட்டுப் பக்கம் திரும்பினார். மகள் ஜெயித்தது போதும், தோப்பு போனால் போகிறது என்று அவர் மனதைத் தேற்றிக்கொண்டது நடையிலேயே தெரிந்தது. சுகன்யா பின்னாலேயே ஓடினாள்.

"ஏலே சுருளி!" தண்ணீர்ச் சத்தத்தை மீறி ஆவுடையப்பனின் குரல் வந்தது. "எங்கலே போற? ஒன் நெலம் பள்ளந்தான, தண்ணி தானா எறங்கி வரும். மம்பட்டிய எடுத்துட்டு வந்து வாய்க்கால வெட்டு."