மர்சலின் டீச்சரின் வட்டிக் கணக்கு

மர்சலின் கணக்கில் தவறி நான் இரண்டே தடவைதான் பார்த்திருக்கிறேன். இரண்டுமே அவளுடைய சொந்த வீட்டுக் கணக்கு.

சாந்தோமில் ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்தில் நாங்கள் இருவரும் டீச்சர்கள். அவள் கணக்கு, நான் தமிழ். எனக்குக் கணக்கு என்றால் வேப்பங்காய். இதில் வருகிற தொகைகளெல்லாம் அவள் சொல்லச் சொல்ல நான் குறித்துக்கொண்டவை, அதனால் நம்பலாம். பெண்களுக்கு அவளிடம் பயம் உண்டு. விடை ஓரணா பிசகினாலும் சிவப்புப் பென்சிலை எடுத்துக் குறுக்கே ஒரு கோடு இழுத்துவிடுவாள். பாவம், சின்னப் பெண்கள், கொஞ்சம் விட்டுக்கொடேன் என்று கேட்டால், "கடைக்காரன் விட்டுக்கொடுப்பானா?" என்பாள்.

அவள் கணவர் வில்லியம் பாரிமுனையில் ஒரு வெள்ளைக்காரக் கம்பெனியில் குமாஸ்தா. நல்ல மனிதர். ஆனால் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்துவிட்டால் அதோடு சரி, அசைக்க முடியாது. 1940 ஏப்ரலில் அவர்கள் கோவிலுக்குப் பின்தெருவில் ஓட்டு வீடு ஒன்று வாங்கினார்கள். விலை ஐயாயிரத்து ஐந்நூறு. சேமிப்பும் அவள் நகைகளும் சேர்ந்து ஆயிரத்து ஐந்நூறு தேறியது. பாக்கி நாலாயிரத்துக்கு, கச்சேரி ரோடில் இருந்த ஒரு நிதியில் வீட்டையே அடமானம் வைத்துக் கடன் வாங்கினார்கள். நூற்றுக்கு ஒன்பது வட்டி, இருபது வருஷம், மாசம் முப்பத்தாறு ரூபாய் எட்டணா.

"முப்பது ரூபா வாடகை கொடுத்துக்கிட்டிருந்தோம். இன்னும் ஆறரை ரூபா சேர்த்துப் போட்டா வீடே நம்மது!" என்று வில்லியம் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொன்னார். நான் அதைக் கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய், நாமும் ஏன் வாங்கவில்லை என்று என் கணவரோடு ஒரு சண்டையும் போட்டேன்.

வருஷக்கணக்காக எட்டாம் வகுப்புக்குக் கூட்டுவட்டி சொல்லிக்கொடுத்தவள் மர்சலின். பத்திரத்தில் கையெழுத்துப் போடுமுன் ஒரு தாளை எடுத்து அவள் கணக்குப் போட்டுப் பார்த்திருக்க வேண்டாமா? போடவில்லை. "அது பாடப் புஸ்தகத்துல வர்ற கணக்குன்னே இருந்துட்டேன் நீரஜா" என்று பின்னால் என்னிடம் சொல்லி வெட்கப்பட்டாள்.

1942 ஏப்ரலில் ஜப்பான்காரன் வருகிறான் என்று பட்டணமே மூட்டை கட்டியது. எழும்பூர் ஸ்டேஷனில் நிற்க இடமில்லை. மயிலாப்பூரில் வீடுகள் கத்தரிக்காய் விலைக்குப் போயின. அப்போதுதான் தரகர் கபாலி வந்து சேர்ந்தார்.

"இன்னா சார் யோசிச்சிக்கினு கீறீங்க? ஊரே காலியாய்க்கினு கீது. குண்டு வுழுந்தா வூடு இன்னா, செவுரு கூட மிஞ்சாது. பார்ட்டி ரெடியா கீறாரு. மூவாயிரத்து ஐந்நூறு, ரொக்கம்!"

வில்லியம் ஒரு சிகரெட் முடிவதற்குள் கணக்கை முடித்துவிட்டார். இரண்டு வருஷத்தில் கட்டியது எண்ணூற்று எழுபத்தாறு. நாலாயிரத்தில் அதைக் கழித்தால் பாக்கி மூவாயிரத்து நூற்று இருபத்து நாலு. கபாலி தருவதில் கடனை அடைத்துவிட்டால் முந்நூற்று எழுபத்தாறு ரூபாய் மிஞ்சும். அதை வைத்துக்கொண்டு வேலூரில் அண்ணன் வீட்டுப் பக்கம் போய்விடலாம். மர்சலினும் சரி என்றுதான் தலையாட்டினாள். கடைசிப் பாக்கியைக் கேட்டுவர நிதிக்குப் போனவளோடு துணைக்கு நானும் போனேன்.

அங்கே கௌண்டரில் ஸ்ரீரங்கன் என்று ஒரு குமாஸ்தா. ஒல்லி, மூக்குக் கண்ணாடி, பேரேட்டை விட்டுத் தலையைத் தூக்கவே மாட்டார்.

"பாக்கி மூவாயிரத்து எண்ணூத்து முப்பத்தேழு" என்றார்.

"வேற யாரோட கணக்கையோ பாக்கறீங்க" என்றாள் மர்சலின்.

"உங்களோடதுதான் டீச்சர். முதல் வருஷம் நானூத்து முப்பத்தெட்டு கட்டினேள். அதுல வட்டி மட்டும் முந்நூத்து அறுபது. அசல்ல கழிஞ்சது எழுபத்தெட்டு. ரெண்டாவது வருஷம் கழிஞ்சது எண்பத்தஞ்சு. ஆரம்பத்துல வட்டிதான் எல்லாத்தையும் சாப்பிடும். பத்திரத்துலயே போட்டிருக்கே, பார்க்கலியா?"

மர்சலின் பெஞ்சில் உட்கார்ந்தாள். பையிலிருந்து ஒரு பழைய பரீட்சைத் தாளை எடுத்து, அதன் முதுகில் போட ஆரம்பித்தாள். முப்பத்தாறரை, பன்னிரண்டு மாசம், இருபது வருஷம். எட்டாயிரத்து எழுநூற்று அறுபது. வாங்கியது நாலாயிரம், கொடுக்கப் போவது அதைப்போல் இரண்டு பங்குக்கு மேல். "ஆறரை ரூபாய் சேர்த்துப் போட்டால் வீடு" என்பதன் அசல் முகம் அது. வீட்டை விற்றாலோ, வீடும் போய், மேற்கொண்டு கையிலிருந்து முந்நூற்று முப்பத்தேழு ரூபாய் எடுத்துக் கட்டவும் வேண்டும்.

இன்னொன்றும் அந்தத் தாளில் இருந்தது. வில்லியம் 1900இல் பிறந்தவர், 1955இல் ரிடையர் ஆவார். கடன் முடிவது 1960இல். சம்பளம் நின்ற பிறகு ஐந்து வருஷம் இந்தத் தவணையை யார் கட்டுவது? கட்டாவிட்டால் வயதான காலத்தில் வீட்டை நிதி எடுத்துக்கொள்ளும். அன்றிலிருந்து அவளுக்கு ஒரே யோசனைதான். அவர் ரிடையர் ஆவதற்குள் இந்த வீடு தங்களுடையதாக வேண்டும்.

கபாலிக்கு வேண்டாமென்று சொல்லி அனுப்பினார்கள். ஜப்பான்காரன் வரவில்லை. போனவர்களெல்லாம் திரும்பி வந்து, விற்ற வீட்டுக்கு எதிரிலேயே வாடகைக்குக் குடியிருந்தார்கள்.

வட்டி எப்படி அசலைத் தொடவிடாமல் மறிக்கிறதோ, அதேபோல் அசலில் முன்னாலேயே போடுகிற ரூபாய் அத்தனை வருஷ வட்டியையும் மறிக்கும் என்று அவள் கண்டுகொண்டாள். இன்றைக்கு நூறு ரூபாய் கூடுதலாகக் கட்டினால் பதினைந்து வருஷத்தில் அது முந்நூற்று அறுபத்து நாலு ரூபாய்க்குச் சமம். இதை எனக்குப் புரியவைக்க மூன்று நாள் ஆயிற்று அவளுக்கு.

ஆனால் கூடுதல் பணத்துக்கு எங்கே போவது? யுத்தத்தில் அரிசி விலை ஏறிக்கொண்டிருந்தது. அவளுக்குக் கைகொடுத்தது தபசு காலம். ஈஸ்டருக்கு முந்தின நாற்பது நாளும் அவர்கள் வீட்டில் ஒருவேளை மட்டும் சாப்பிடுகிற ஒருசந்தி, சுத்தபோசனம். கறி மீன் கிடையாது, சினிமா கிடையாது, வில்லியத்துக்குச் சிகரெட்டும் கிடையாது. அப்படி மிஞ்சும் காசை ஒரு பிஸ்கட் டப்பாவில் போடுவார்கள். ஏழைகளுக்கென்று தனியாக ஒரு சின்ன டப்பாவும் உண்டு. முதல் நாளே வில்லியம் பெரிய டப்பாவின் மூடியை, காசு போடும் பிளவை மட்டும் விட்டு, மெழுகு உருக்கி ஒட்டிவிடுவார். ஈஸ்டருக்கு முந்தின நாளான பெரிய சனிக்கிழமை மத்தியானம் பன்னிரண்டுக்குக் கோவில் மணி அடித்துத் தபசு முடிந்த பிறகு, அவர் தன் கையாலேயே திறப்பார். ஆண்டவருக்குக் கொடுத்த வாக்கு அது. அந்தப் பணம் எப்போதும் ஈஸ்டர் துணிக்குப் போகும். 1944இல் துணி வேண்டாமென்று வைத்து, எண்பது ரூபாயை ஈஸ்டருக்கு மறுநாள் நன்றிக் காணிக்கை போலக் கொண்டுபோய் நிதியில் கட்டினார்கள்.

அடுத்த வருஷம் மார்ச்சில் தவணை கட்டப் போனபோது அந்த எண்பது எவ்வளவு வட்டியைக் குறைத்தது என்று ஆசையாகக் கேட்டாள்.

"ஒண்ணும் குறைக்கலையே" என்றார் ஸ்ரீரங்கன். "வருஷத்துக்கு ஒரு தரம், மார்ச் முப்பத்தொண்ணாம் தேதிதான் அசல்ல கழிப்போம். நீங்க கட்டினது போன ஏப்ரல் பத்தாம் தேதி. இந்த மார்ச் முப்பத்தொண்ணுக்குத்தான் அது கணக்குல ஏறும்."

"அதுவரைக்கும்?"

"சும்மா இருக்கும்."

பத்து நாள் பிந்தியதற்கு ஏழு ரூபாய் மூன்றணா தண்டம். காணிக்கையை ஈஸ்டர் வரை வைத்திருக்காமல் மார்ச்சிலேயே கட்டியிருந்தால் மிச்சம்! எனக்கு ஸ்ரீரங்கன் மேல் கோபம் கோபமாக வந்தது. மர்சலினோ காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த 1945இல் ஈஸ்டர் ஏப்ரல் ஒன்று. மார்ச் முப்பத்தொன்றுதான் பெரிய சனிக்கிழமை. டப்பா திறப்பது பன்னிரண்டு மணிக்கு. வருஷக் கடைசி என்பதால் நிதியின் கௌண்டர் அன்று மூடுவதும் பன்னிரண்டு மணிக்கு.

அன்று ராத்திரி வில்லியம் நேரம் கழித்துத்தான் வந்தார். தபசு காலம் தொடங்கியதிலிருந்தே ஆபீசில் வேலை ஜாஸ்தி என்று சொல்லி, வியர்க்க விறுவிறுக்க எட்டு மணிக்குத்தான் வருவது வழக்கமாகியிருந்தது. மர்சலின் விஷயத்தைச் சொன்னாள்.

"ஒரே ஒரு நாள் முன்னாடி தெறந்துடலாங்க. தப்பினா பத்து ரூபா போகும். அந்தப் பத்தே கடன் முடியற அறுபதுல முப்பத்து மூணு ரூபா ஆகும்."

"வாக்கு கொடுத்தாச்சு மர்சி."

"சாமி வட்டி கேக்கறதில்ல. நிதியில கேக்கறாங்க."

"கேக்காதவரைத்தான் ஏமாத்தக் கூடாது" என்றார் வில்லியம். அதோடு சரி.

என்னிடமிருந்த நாற்பது ரூபாயைத் தருகிறேன் என்றேன். கடனைக் கட்டக் கடனா என்று என்மேல் பாய்ந்தாள். நல்லது சொன்னதற்கு எனக்கு அது வேண்டும்தான்.

அந்தச் சனிக்கிழமை பதினொன்றேகாலுக்கு நானும் அவளும் நிதி ஆபீஸ் பெஞ்சில், நடுவில் டப்பாவை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். வில்லியம் கோவிலில். ஸ்ரீரங்கன் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.

"மெழுகு போட்ட டப்பாவை வெச்சுண்டு உக்காந்திருந்தேள்னா, நான் எதை வரவு வெக்கறது?"

மர்சலின் எழுந்து போய் எல்லாவற்றையும் சொன்னாள். பிறகு டப்பாவைக் கௌண்டருக்குள் தள்ளினாள். "இதை இப்பவே உங்ககிட்ட ஒப்படைச்சுடறேன். பன்னண்டு அடிச்சதும் உங்க எதிர்லயே தெறப்போம். உள்ள நூத்துப் பன்னண்டு ரூபா. ஒவ்வொரு நாளும் போட்டதை நோட்டுல எழுதியிருக்கேன்."

அவர் நோட்டைப் புரட்டினார். கறி இல்லை, எட்டணா. சிகரெட் இல்லை, இரண்டணா. டியூஷன் பணம், பத்து ரூபாய். பக்கம் பக்கமாக அப்படியே. அவருக்கு என்ன தோன்றியதோ தெரியாது, நூற்றுப் பன்னிரண்டு ரூபாய்க்கு அவளிடம் ஒரு வரவுச் சீட்டு எழுதி வாங்கி, டப்பாவை இழுத்துத் தன் பக்கம் வைத்துக்கொண்டார்.

"பன்னண்டுக்கு முன்னாடி என் கைக்கு வந்துடுத்து, சரி. எண்ணறது எத்தனை நாழியானாலும் இன்னிய தேதிதான். ஆனா டீச்சர், நீங்க எழுதிக் கொடுத்த தொகைக்கும் உள்ள இருக்கறதுக்கும் ஓரணா வித்தியாசம் வந்தாலும் இந்தச் சீட்டு செல்லாது."

"வராது" என்றாள் மர்சலின்.

மணி அடித்தது. வாசலில் பியூன் கதவைச் சாத்தப் போனபோது, மூச்சு இரைக்க வில்லியம் பக்கவாட்டில் நுழைந்தார். பேனாக் கத்தியால் மெழுகைச் சுரண்டித் திறந்தார். ஸ்ரீரங்கன் காசுகளைக் கொட்டி அடுக்க ஆரம்பித்தார். ஒரு தரம் எண்ணினார். இரண்டாம் தரமும் எண்ணினார்.

"தொகை ஒத்துப்போகலியே" என்றார்.

மர்சலினுக்கு முகம் வெளுத்துவிட்டது. நான் பெஞ்சைப் பிடித்துக்கொண்டேன்.

"நூத்துப் பதினாறு ரூபா எட்டணா. நாலரை ரூபா கூட இருக்கு."

"இருக்க முடியாது!" என்று கத்தினாள் அவள். பணம் கூடியிருக்கிறதென்ற சந்தோஷமே இல்லை. கணக்குத் தப்பிவிட்டதே என்ற ஆத்திரம்தான். "ஒவ்வொரு காசும் நான் எழுதியிருக்கேன்!"

வில்லியம் தொண்டையைக் கனைத்தார். "சாயங்கால டிராம் சார்ஜ். ரெண்டணா வீதம், முப்பத்தாறு நாள்."

"ஆபீசுல வேலைன்னீங்களே?"

"பீச் ஓரமா நடந்து வந்தேன். நல்ல காத்து." சொல்லிவிட்டு அவர் சுவரிலிருந்த காலண்டரைப் பார்த்தார். "ஐம்பத்தஞ்சுல முடிக்கணும்னியே. நாலரை ரூபா அறுபதுல பதினாறு ரூபா ஆகும். நானும் போட்டுப் பார்த்தேன்."

ஸ்ரீரங்கன் வேறொரு சீட்டை எடுத்து நூற்றுப் பதினாறு ரூபாய் எட்டணா என்று எழுதி, 31-3-45 என்று முத்திரை குத்தினார். பூட்டிய ஆபீசில் அந்தச் சத்தம் பெரிதாகக் கேட்டது. வருஷா வருஷம் மார்ச்சுக்குள் தொண்ணூறு ரூபாய் இப்படிப் போட்டால் 1955இல் கடன் தீர்ந்துவிடும் என்று அவரே கணக்குப் போட்டு மர்சலினிடம் காட்டினார். அவளும் சரிபார்த்தாள். விடை சரி.

பிறகு குனிந்து வில்லியத்தின் செருப்பைப் பார்த்தாள்.

"புது அடி தைச்சிருக்கே. எவ்வளவு?"

"பன்னண்டணா."

"அப்போ லாபம் மூணு ரூபா பன்னண்டணாதான்" என்றாள். சொல்லும்போதே குரல் உடைந்துவிட்டது. "இத்தனை நாளும் இந்தக் கடனை நான் ஒருத்திதான் எண்ணிக்கிட்டிருக்கேன்னு நெனச்சேங்க."

எனக்கும் கண் கலங்கியதை மறைப்பானேன். மர்சலின் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, பையிலிருந்து சிவப்புப் பென்சிலை எடுத்தாள். நோட்டைப் பிரித்து, தான் கூட்டிப் போட்டிருந்த நூற்றுப் பன்னிரண்டின் குறுக்கே ஒரு கோடு இழுத்தாள்.