கிளிவெட்டிக்குப் போன மணல்மேடு

எங்கள் வீட்டு வளவின் காணி உறுதிப் பத்திரத்தில் மூன்று எல்லைக்கு மனிதர்களின் பெயர்கள் இருந்தன. கிழக்கெல்லைக்கு மட்டும் உறுதி எழுதிய நொத்தாரிசு ஒரே சொல்லில் 'கடல்' என்று எழுதியிருந்தார். அதை வைத்து நான் இருபது வருடம் பகிடி விட்டேன். ஊரில் மற்றவனெல்லாம் வேலிக் கதியாலை அரை முழம் தள்ளி நட்டுவிட்டான் என்று அயலவனோடு வழக்குப் பேசிக்கொண்டு திரிய, எனக்கு மட்டும் வாய் திறந்து சண்டைக்கு வராத அயலவன் கிடைத்திருக்கிறான் என்பேன். கேட்டவர்கள் முதல் ஐந்து வருடம் சிரித்தார்கள்.

'எங்கள் வளவு' என்று எழுதுவதே கொஞ்சம் பொய். அது என் மனைவியின் சீதனம். எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து குடியிருப்பான். நானும் அப்படித்தான் ஒரு சைக்கிளோடும் ஒரு சூட்கேசோடும் வந்து சேர்ந்தேன். மூதூரைத் தாண்டி இலங்கைத்துறைக்குப் போகிற பக்கத்தில் உள்ள கரையூர் அது. எனக்குச் சீனன்குடா எண்ணெய்த் தாங்கியில் கிளாக்கர் வேலை. திங்கட்கிழமை லாஞ்சுப் படகில் போனால் சனிக்கிழமைதான் திரும்பி வருவேன். வாரத்தில் ஒன்றரை நாள் மட்டும் அந்த வீட்டில் இருந்துகொண்டு, அதன் சொந்தக்காரன் மாதிரி நடந்துகொண்டேன்.

வீட்டுக்கும் கடலுக்கும் நடுவில் ஒரு மணல்மேடு இருந்தது. ஆள் உயரத்துக்கும் கூட. மேலே அடம்பன் கொடி படர்ந்திருக்கும், ஓரத்தில் தாழம்பற்றை. அள்ளிப் பார்த்தால் சீனி மாதிரி வெள்ளை மணல். கலியாணமோ, சாமத்தியச் சடங்கோ, கோயில் திருவிழாவோ, பந்தலுக்குள் புது வெள்ளை மணல் பரப்பாமல் எங்கள் ஆட்கள் காரியம் தொடங்க மாட்டார்கள். கரையை விட்டு உள்ளே இருக்கிற ஊர்க்காரரிடம் இருப்பதோ களிமண். ஆகவே எல்லாரும் என்னிடம் வந்தார்கள். கரைவலைத் தொழில் நடத்துகிற மூதூர்ச் சம்மாட்டிகூட, தங்கள் கரை மணல் இவ்வளவு வெள்ளை இல்லை என்று, தன் மகளின் கலியாணத்துக்கு மாட்டுவண்டியோடு வந்தார். நான் எல்லாரிடமும் ஒன்றைத்தான் சொன்னேன்: "அள்ளுங்கோ, கடல் திருப்பிக் கொண்டுவந்து போடும்."

நான் அப்படி நம்பியதற்குக் காரணம் இருந்தது. வாடைக் காற்றில் கடல் எழும்பி, முன்னாலிருக்கிற கரையைக் கொண்டுபோகும். சோளகக் காற்று பிறந்ததும் அதே கரையை அதே இடத்தில் கொண்டுவந்து வைக்கும். வருடா வருடம் பார்த்தது. மனைவி ஒருநாள் அரிசி களைந்துகொண்டே கேட்டாள், கடல் கரையைத் திருப்பித் தருவது சரி, மேட்டை எப்போது தந்தது, தான் பிறந்த நாளிலிருந்து ஒருமுறையும் காணவில்லையே என்று. நான் சிரித்துவிட்டுச் சைக்கிளுக்குக் காற்றடிக்கப் போய்விட்டேன். இப்போது நினைத்தால், அந்த வீட்டில் அந்தக் கேள்வியைக் கேட்கக்கூடிய அறிவு ஒருத்தருக்காவது இருந்தது என்று சந்தோஷப்பட வேண்டியதுதான்.

எழுபதுகளின் நடுவில் மகளுக்குக் கிளிவெட்டியில் ஒரு சம்பந்தம் பொருந்தியது. வயல்காரக் குடும்பம். பேச்சு நேரானது: தையில் கலியாணம், வீடும் வளவும் பிள்ளைக்கு, மாப்பிள்ளை எங்களோடு வந்திருப்பார். கலியாணம் முடிந்து நாலாம் நாள் பெண்ணையும் மாப்பிள்ளையையும் கிளிவெட்டிக்கு அழைத்து விருந்து வைப்பதென்றும் சம்பந்தி சொன்னார். அதற்குத் தன் முற்றத்தில் பந்தல் போட வேண்டும், மாரி தொடங்குமுன் உழவு மெசினின் இழுவைப் பெட்டியால் இரண்டு பெட்டி மணல் கிடைக்குமா என்று கூச்சத்தோடு கேட்டார்.

கேட்டது இரண்டு. கொடுத்தது நாலு. அவர் போதும் போதும் என்றார். சம்பந்திக்கு முன்னால் கஞ்சனாக நிற்பேனா? உழவு மெசினின் பெட்டி கிட்டப் போக வசதியாக இருக்கட்டும் என்று, அடம்பன் கொடியை நானே வாரி இழுத்து, தாழம்பற்றையை வெட்டிப் பாதையும் விட்டேன். மெசின் போனபின் மேட்டின் நடுவில் ஒரு வாசல் தெரிந்தது. அதற்குள்ளால் கடல் நேராக எங்கள் குசினி அடுப்பைப் பார்த்தது. நல்ல காற்று வருகிறது என்று சொன்னேன்.

மார்கழியில் கடல் எழும்பி லாஞ்சு ஓடவில்லை. இரண்டு சனிக்கிழமை சீனன்குடாவிலேயே நின்றேன். மூன்றாம் கிழமை வந்து இறங்கி, சைக்கிளை உருட்டிக்கொண்டு வளவுக்குத் திரும்பினேன். முதலில் திரும்ப வேண்டிய ஒழுங்கை மாறி வந்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன். மேட்டைக் காணவில்லை. தென்னைகளில் முன்வரிசையைக் காணவில்லை. வெறும் கடற்கரையில், அலைக்குப் பக்கத்தில், சீமெந்தால் ஒரு கோபுரம் நின்றது. என்னிலும் உயரம்.

அது எங்கள் கிணறு.

வளையமாக வார்த்த சீமெந்துக் கொட்டுகளை ஒன்றின்மேல் ஒன்றாக நிலத்துக்குள் இறக்கிக் கட்டிய கிணறு. மேல் கொட்டைத் தவிர மற்றதெல்லாம் மண்ணுக்குள் இருக்க வேண்டியவை. இப்போது நாலு கொட்டு வெளியே நின்றன. உச்சியில், வழக்கமாக வைக்கிற இடத்தில், வாளி கவிழ்ந்தபடி இருந்தது. யாராவது தண்ணீர் அள்ளுவதென்றால் ஏணி வேண்டும். குசினியின் அரைவாசி நிலத்தில் நிற்க, மற்ற அரைவாசி காற்றில் நின்றது. வீட்டின் மிச்சமும் அடுத்த பெரிய அலைக்குத் தாங்காது.

மனைவி வேப்பமரத்தடியில் அலுமாரியையும் இரண்டு கதிரைகளையும் காவல் காத்துக்கொண்டு இருந்தாள். மகள் உள்ளே மூட்டை கட்டிக்கொண்டிருந்தாள். ஆனாலும் பழக்கம் விடுமா? "ஆரப்பா இந்தக் கோபுரத்தைக் கட்டினது?" என்று கேட்டுவிட்டேன்.

"நீங்கள்தான்," என்றாள். "நீங்கள் ஆள் பிடிச்சுக் கட்டின கிணறுதான். அது அசையாமல் நிக்குது. மண்தான் போயிட்டுது."

அழுதிருந்தால் தாங்கியிருப்பேன். அவள் அழவில்லை. கிணற்றைச் சுற்றி நடந்து, கையை வைத்துப் பார்த்தேன். மண்ணுக்குள் இருபது வருடம் இருந்த கொட்டு பச்சையாக, ஈரமாக இருந்தது. பார்க்கக் கூடாத ஒன்றைப் பார்த்துவிட்ட மாதிரி கையை எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் காலையில் சம்பந்தி வந்தார். கரைவலைக்காரர் சொல்லித் தெரிந்திருக்கிறது. வந்தவர் எங்களோடு கதைக்காமல் நேரே கிணற்றடிக்குப் போனார். அண்ணாந்து வாளியைப் பார்த்தார். வயல்காரர் அவர். அவர் கண்ட வெள்ளமெல்லாம் வயலை மூடிவிட்டு வடிந்துபோகும், நிலம் கீழே அப்படியே கிடக்கும். நிலமே எழும்பிப் போனதை அவர் அதற்கு முன் கண்டிருக்க மாட்டார்.

"நாங்கள் அள்ளினது எவ்விடத்தில?" என்று கேட்டார்.

நான் கையைக் காட்டினேன். அலை உடைகிற இடத்துக்கும் அப்பால்.

அவர் ஈர மணலில் அப்படியே குந்திவிட்டார். சால்வையை எடுத்து மடியில் வைத்து மடித்தார், விரித்தார், திரும்ப மடித்தார். சம்பந்தம் முறிந்தது என்று நான் முடிவு கட்டிவிட்டேன். மாப்பிள்ளை வந்திருக்க வீடு இல்லாத பெண்ணை எங்கள் பக்கத்தில் யார் கேட்பார்?

மனைவிதான் முன்னால் போய் நின்றாள். "அண்ணை, வீடு தாறமெண்டு சொன்னனாங்கள். இப்ப வீடு இல்லை. நீங்கள் யோசிச்சு ஒரு முடிவு சொல்லுங்கோ."

"நான் யோசிக்க என்ன கிடக்கு, தங்கச்சி?" அவர் எங்களைப் பார்க்காமல் கடலைப் பார்த்தே சொன்னார். "உங்கட வளவு என்ர முத்தத்தில கிடக்கு. நாலு பெட்டி. பிள்ளை அங்க வரட்டும். கலியாணத்தையும் அங்கேயே வைப்பம்."

மனைவியின் முகம் அப்போதுதான் மாறியது. அவள் குடும்பத்தில் ஒரு பெண்ணும் வாசல் படலையைத் தாண்டிப்போய் மாமியார் வீட்டில் இருந்ததில்லை. வீடு போனதைத் தாங்கியவளுக்கு இது ஏலாமல் இருந்தது. படலை இருந்த பக்கம் திரும்பிப் பார்த்தாள். பிறகு "ஓம்" என்றாள்.

தையில் கிளிவெட்டியில் கலியாணம் நடந்தது. பந்தல் முழுக்க எங்கள் மேடு பரவிக் கிடந்தது. சிப்பித் துண்டுகளைக்கூட எனக்கு அடையாளம் தெரிந்தது. தண்ணீர்த் தொட்டி ஓரத்தில், நான் பிடுங்கிய அடம்பனில் தப்பிய ஒரு துண்டு இரண்டு இலை விட்டிருந்தது. சுற்றிலும் கறுத்த களிமண். நான் செருப்பில்லாமல் அதன்மேல் நின்றேன். வீட்டுக்குள் நிற்கிற மாதிரியும் இருந்தது, சவத்தின்மேல் நிற்கிற மாதிரியும் இருந்தது.

தாலி கட்டி முடிந்து சனம் பந்தியில் உட்கார்ந்தபோது, அந்த ஊர்க்காரர் ஒருவர் என்னிடம் வந்தார். நல்ல மணலாக இருக்கிறதே என்று காலால் கிளறிப் பார்த்தார். "கிளாக்கர் ஐயா, மாசியில என்ர மகளுக்கும் சடங்கு. இது முடிய நாங்கள் ஒரு பெட்டி அள்ளட்டோ?"

சத்தியமாக, வாய் தானாகத் திறந்துவிட்டது. 'அள்ளுங்கோ' என்பதில் முதல் எழுத்து வெளியே வந்தும்விட்டது.

"ஏலாது," என்றாள் பின்னால் நின்ற மனைவி. "அது என்ர பிள்ளையின்ர வளவு. ஒரு பிடியும் அள்ள ஏலாது."

அவர் பகிடி என்று நினைத்துச் சிரித்தார். பிறகு எங்கள் இரண்டு பேரின் முகத்தையும் பார்த்துவிட்டு, காலால் கிளறிய இடத்தைத் திரும்பவும் காலாலேயே மூடிவிட்டுப் பந்திக்குப் போனார்.