வரலட்சுமி வீட்டுத் தூவானப் பலகை

வரலட்சுமி என்ற பேரை நான் முதலில் கேட்டது திருமழிசையில், என் சின்ன நாத்தனார் கல்யாணப் பந்தியில். "ஓட்டு வீட்டைப் பாத்தே நடுங்குவாளே, நம்ம நாகேந்திரன் பொண்டாட்டி, அவதான்" என்று சொல்லிச் சிரித்தார்கள். நாகேந்திரன் என் வீட்டுக்காரருக்கு அத்தை மகன். பூந்தமல்லியில் ஓட்டு வீடு.

அந்தக் கதை நடந்தது, ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பட்டணமே காலியான வருஷம். அதற்கு முன்னால் அவளுக்குத் தலைப்பிள்ளை தவறிப் போயிருந்தது. இப்போது கையில் பெண் குழந்தை.

நாகேந்திரன் ஏதோ துரை பங்களாவைப் பார்த்து ஆசைப்பட்டு, ஓட்டு விளிம்பு நெடுகப் பூ வெட்டிய தூவானப் பலகை அடித்திருந்தான். ஓட்டைத் தாங்கும் கைமரங்களின் நுனியெல்லாம் அதற்குப் பின்னால் மறைந்துவிட்டது. அழகுதான். ஆனால் ஓட்டோடு ஒட்ட நெருக்கி அடித்ததில் மழைத் தண்ணீர் உள்ளேயே தங்கி, கைமரங்கள் உளுத்துக்கொண்டு வந்தன. வெளியே பச்சை வர்ணம் பளபளவென்று இருந்தது. யாருக்குத் தெரியும்?

பட்டப்பகலில் பலகைக்குள் நறநறவென்று சத்தம் கேட்கும். வரலட்சுமிக்கு வேர்த்து ஊற்றும். தலைப்பிள்ளையைக் கொண்டுபோனதுதான் திரும்பி வந்து உட்கார்ந்திருக்கிறது என்று நினைத்தாள்.

"இன்னாமே, பல்லி கத்துனா பயம், பலகை கத்துனா பயம். ஜப்பான்காரன் வந்தா இன்னா பண்ணுவே?" என்பான் நாகேந்திரன்.

"நீ சிரிய்யா. நான் கொயந்தைய இட்டுகினு எங்கம்மா ஊட்டுக்குப் பூடறேன்."

மாமியார் எல்லம்மா விடவில்லை. "கண்ணு பட்டுகீதுடி. இவ்ளோ அயகா பலகை அடிச்சா எவ கண்ணுதான் படாது?" என்று, பெரிய கல்யாணப் பூசணிக்கு முகம் எழுதி, அந்தப் பலகையிலேயே ஆணி அடித்துத் தொங்கவிட்டாள். சத்தம் கூடிற்று.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், வரலட்சுமி வாசல் நிழலில் பாய் போட்டுக் குழந்தையைக் கிடத்தியிருந்தாள். குழந்தை நெற்றியில் மரத்தூள் உதிர்ந்தது. துடைத்தாள். மறுபடி உதிர்ந்தது. நிமிர்ந்தால், காற்றே இல்லை, பூசணி மெல்லக் கீழே இறங்கிக்கொண்டிருந்தது.

குழந்தையை வாரிக்கொண்டு தெருவுக்குப் பாய்ந்தாள். பின்னால் பூசணி, பலகை, கைமர நுனி, ஓடு எல்லாம் மொத்தமாகப் பாயின் மேல் விழுந்தன.

எல்லம்மா ஓடிவந்து அந்தக் குவியலைக் கையால் வாரினாள். கட்டை புட்டு மாதிரி உதிர்ந்தது. "கொயந்தே... ஏண்டி, கொயந்தே..."

"எங்கிட்ட கீது அத்தே" என்றாள் வரலட்சுமி, தெருவில் நின்றபடியே.

அவள் உள்ளே வரவில்லை. மாற்றுப்புடவைகூட எடுக்காமல் சென்னீர்குப்பத்துக்கு அம்மா வீட்டுக்கு நடந்தே போய்விட்டாள். நாகேந்திரன் கைமரம் மாற்றி, பலகை இல்லாமல் ஓடு வேய்ந்துவிட்டுக் கூப்பிடப் போனான். வரமாட்டேன் என்றாள். கடைசியில் அவனே மூட்டை கட்டிக்கொண்டு அங்கே போய்ச் சேர்ந்தான்.

வரலட்சுமி இப்போது அந்தப் பெண்ணோடு ஆவடியில் இருக்கிறாள். ஓடே இல்லாத மெத்தை வீடு.