முகாமுக்குப் போன கல்யாணக் கேமரா

போத்தனூரில் அஃப்ராவைத் தெரியாத கல்யாண வீடு குறைவு. பெண்கள் பகுதியில் ஆண் கேமராக்காரர் வேண்டாம் என்பவர்கள் முதலில் அவரைத்தான் அழைப்பார்கள். அப்படித்தான் மேட்டுப்பாளையம் பக்கத்து இலங்கை அகதிகள் முகாமுக்கும் ஒரு கல்யாணத்துக்காகப் போனார்.

அங்கே அவருக்கு லைட் பிடிக்க உதவியவள் மணப்பெண்ணின் அத்தை மகள் தேஜா. நர்சிங் முடித்திருந்தாள். வெளிநாட்டில் நர்சுகளுக்கு நல்ல வேலை இருக்கிறதே, போகவில்லையா என்று அஃப்ரா பேச்சுவாக்கில் கேட்டார்.

"எங்களுக்கு பாஸ்போர்ட் தரமாட்டாங்கக்கா. நான் பொறந்தது மேட்டுப்பாளையம் ஆஸ்பத்திரிலதான். ஆனாலும் ரெக்கார்டுல சட்டவிரோதமா வந்தவங்கன்னுதான் இருக்குது."

அந்தப் பதில் அஃப்ராவை விடவில்லை. ஆல்பம் கொடுக்கப் போனவர் தேஜாவின் அம்மா யோகராணியிடம் நெடுநேரம் பேசிக்கொண்டிருந்தார். கல்யாணம் இல்லாத நாட்களில் கேமராவோடு முகாமுக்குப் போகத் தொடங்கினார்.

கணவர் ஷாஹுல் தடுக்கவில்லை. ஒருநாள் மட்டும் கேட்டார்: "நாளைக்கு நம்ம குடியுரிமைக் காகிதத்தையும் எடுன்னு யாராவது வந்து நின்னா?"

"நமக்கே அந்தப் பயம் இருக்குதுல்லங்க. அப்ப அவங்களுக்கு எப்படி இருக்கும்?" என்றார் அஃப்ரா. அதற்குப்பின் ஷாஹுலே பல நாள் வண்டியில் கொண்டுபோய் விட்டார்.

ஒரு வருட உழைப்பில் அரைமணி நேரப் படம் உருவானது. அதன் உயிரான காட்சி யோகராணியுடையது. கடல் கடந்து வந்ததையும், ஓர் அலுவலகத்தில் தன்னை நிற்கவைத்து அதிகாரிகள் இழிவாகப் பேசியதையும் அடுப்படியில் உட்கார்ந்து சொல்லி அழுதிருந்தார். கோவையில் ஒரு சிறிய அரங்கில் திரையிட ஏற்பாடானது. அதற்குச் சில நாட்கள் முன்பு யோகராணி போன் செய்தார்.

"கண்ணு, நான் அழுத எடத்தை எடுத்துப்போடு. புள்ளைக்கு ஏதாச்சும் தொந்தரவு வந்துருமோன்னு பயமா இருக்குது."

எடிட்டர் ரவிக்குமார் தலையில் கை வைத்துக்கொண்டார். "அது இல்லாட்டி படமே இல்லீங்க. அவங்கதான் சம்மதிச்சுக் கையெழுத்துப் போட்டிருக்காங்கல்ல?"

"அன்னைக்கு பயமில்லாம போட்டாங்க. இப்ப பயப்படறாங்க. வெட்டிருங்க ரவி," என்றார் அஃப்ரா. அன்று வீட்டுக்குப் போய் அழுதார் என்று ஷாஹுல் பிறகு சொன்னார். ஆனாலும் முடிவை மாற்றவில்லை.

திரையிடலுக்கு யோகராணியும் முகாமில் அனுமதி வாங்கிக்கொண்டு வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தார். படம் முடிந்ததும் ஒருவர் எழுந்து, சண்டைதான் ஓய்ந்துவிட்டதே, இவர்கள் ஏன் இன்னும் திரும்பிப் போகவில்லை என்று கேட்டார். பதில் சொல்ல மைக்கை வாங்கினார் அஃப்ரா. அதற்குள் பின்னாலிருந்து குரல் வந்தது.

"நான் சொல்றனுங்க. ஆறு வயசுல எங்கம்மா இடுப்புல உக்காந்து வந்தவளுங்க நான். அங்க எனக்கு ஊடும் இல்லீங்க, ஆளும் இல்லீங்க. என்ற பேச்சைக் கேளுங்க, எந்த ஊருப் பேச்சுன்னு நீங்களே சொல்லுங்க."

கேட்டவர் மெல்ல உட்கார்ந்தார். அஃப்ராவின் கேமரா பக்கத்து நாற்காலியில்தான் இருந்தது. அவர் அதைத் தொடவில்லை. மைக்கைக் கொண்டுபோய் யோகராணியின் கையில் கொடுத்துவிட்டு, அவர் பேசி முடிக்கும்வரை அருகிலேயே நின்றார்.

அன்று வந்திருந்த வக்கீல் பாலகோபால் தேஜாவுக்காகக் குடியுரிமை கேட்டு வழக்குப் போட்டிருக்கிறார். தீர்ப்பு இன்னும் வரவில்லை. தேஜா இப்போது கோவையில் ஒரு தனியார் மருத்துவமனையில் வேலை பார்க்கிறாள். படம் கல்லூரிகளில் ஓடுகிறது. யோகராணியின் பக்கத்து வீட்டுப் பெண்கள் இருவர், "எங்க ஊட்டுக்கும் வாங்க" என்று அஃப்ராவைக் கூப்பிட்டிருக்கிறார்கள்.

போகிறார். எடுத்ததை அன்றன்றே அவர்களிடம் போட்டுக்காட்டுகிறார். வேண்டாம் என்று அவர்கள் சொல்வதை அவர்கள் கண்முன்னாலேயே அழிக்கிறார். மற்ற நாட்களில் வழக்கம்போல் ஏதோ ஒரு மண்டபத்தில், மணப்பெண்ணின் முக்காட்டைச் சரிசெய்யச் சொல்லிக்கொண்டிருப்பார்.