சுவரைப் பார்த்த பீரங்கிகள்

எனக்கு ஒன்பது வயதாக இருந்தபோது லண்டன் ஓரத்து இல்ஃபோர்டில் எங்கள் வீட்டு முன்னறையில் ஓர் அமெரிக்கப் போர்க்கப்பல் குடியிருந்தது. அதற்கு என்னைக் கண்ணில் காட்டக்கூடாது என்று நான் நம்பினேன். இதை யாரிடமாவது சொன்னால் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அந்தக் கப்பல் முகத்தைத் திருப்பிக்கொண்டது என்னைப் பார்த்துத்தான்.

வளைகுடாவில் சண்டை நடந்த குளிர்காலம் அது. எங்கள் வகுப்பு ஆசிரியை, செய்திகளில் அடிபடும் பொருள்களைத் துண்டுத் தாள்களில் எழுதி, ஒரு கம்பளித் தொப்பிக்குள் போட்டுக் குலுக்கி, ஆளுக்கொன்றாக எடுக்கச் சொன்னார். எடுத்ததைப் பற்றி ஒரு கொப்பி நிறைய எழுதி வரவேண்டும். எண்ணெயில் தோய்ந்த கடற்பறவை எனக்கு வரவேண்டும் என்று பிள்ளையாரிடம் நேர்ந்திருந்தேன். வந்தது போர்க்கப்பல். பறவையை, எந்நேரமும் மூக்கு வடிக்கிற ஒருத்தி கொண்டுபோனாள். பிள்ளையாரோடு எனக்கு அந்தக் கோபம் இன்னும் முழுதாகத் தீரவில்லை.

வீட்டில் நாங்கள் நான்கு பேர். அப்பா பெட்ரோல் நிலையத்தில் ஷிப்ட் வேலை. அம்மா விடியவே போய் அலுவலகங்களைத் துடைத்துவிட்டுப் பத்து மணிக்குத் திரும்பிவிடுவார். நாலாவது ஆள் மாமா, அம்மாவின் தம்பி. சண்டை நடந்துகொண்டிருந்த ஊரிலிருந்து வந்து நாலு மாதம் ஆகியிருந்தது. வேலை செய்ய அனுமதி இல்லை. அகதி விண்ணப்பங்களைப் பார்க்கிற, குரோய்டனில் இருக்கிற அந்தப் பெரிய கட்டடம் அவரை இன்டர்வியூவுக்குக் கூப்பிடும்வரை, மாடியில் கட்டில் மட்டும் கொள்ளுகிற சின்ன அறையில் காத்திருந்தார். கடிதம் எங்கள் முகவரிக்குத்தான் வரவேண்டும் என்பதால், தபால்காரர் வரும் நேரத்தில் அவர் வாசல் கதவைவிட்டு அசையமாட்டார்.

மாமாவை எனக்கு உயிர். அவர் என்னைச் சின்னப்பிள்ளையாக நடத்தியதே இல்லை. பின்னேரத் தேத்தண்ணிக்கு அம்மா இஞ்சி பிஸ்கட்டைத் தோய்த்துத் தோய்த்துச் சாப்பிடுவார். மாமாவுக்கு இஞ்சி மணமே ஆகாது. மூக்கைப் பொத்திக்கொண்டு மற்ற அறைக்கு ஓடுவார். நானும் அவரோடு சேர்ந்து ஓடுவேன், எனக்கு இஞ்சி பிடிக்கும் என்றாலும்.

என் கொப்பிக்காக அப்பா ஒரு தேவாலய மண்டபத்துப் பழைய சாமான் விற்பனையில் கப்பல் பெட்டி ஒன்று வாங்கி வந்தார். பிளாஸ்டிக் துண்டுகளை ஒட்டிச் செய்கிற கப்பல். ஒட்டும் முறை எழுதிய தாள் மட்டும் உள்ளே இல்லை. ஊரில் ரேடியோ திருத்தின மாமா, நான் நூலகத்திலிருந்து எடுத்து வந்த புத்தகத்தின் படங்களைப் பார்த்து, பத்து நாளில் அதைக் கட்டி முடித்தார். மூன்று பீரங்கிக் கூடுகள். முன்னால் இரண்டு, பின்னால் ஒன்று. ஒவ்வொன்றிலும் மூன்று பீரங்கி, ஆக ஒன்பது. கூடுகளை விரலால் இரு பக்கமும் சுழற்றலாம். முன்னறையில் குளிர்காய்கிற கேஸ் அடுப்புக்கு மேலிருந்த தட்டில், சுவரோரமாக, அதை நீளவாக்கில் நிறுத்தினோம். நேர் எதிரே என் கதிரை இருந்தது. நான் வீட்டுப்பாடம் செய்கிற இடம் அது.

அந்தப் புத்தகத்தை நான் விழுங்கினேன். அமெரிக்கர்கள் தங்கள் போர்க்கப்பல்களுக்கு மாநிலங்களின் பெயரை வைத்ததை எழுதினேன். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், பதினாறு கப்பல்களுக்கு வெள்ளை நிறம் பூசி உலகத்தைச் சுற்றி அனுப்பினார்களாம். கொழும்பிலும் அவை நின்றனவாம். "தேயிலை வாங்க வந்திருப்பாங்கள்," என்றார் அப்பா. இந்த வகையில் கடைசியாகக் கட்டிய நான்கு கப்பல்களை இரண்டாம் உலகப்போருக்குப் பிறகு ஓய்வில் விடுவதும் திரும்ப எடுப்பதுமாக இருந்து, கடைசியில் ஏவுகணையும் பூட்டி, அவற்றில் இரண்டை இப்போது வளைகுடாவுக்கு அனுப்பியிருந்தார்கள். பதினாறு அங்குல வாய்கொண்ட பீரங்கி. ஒரு தொன்னுக்கு மேல் நிறையுள்ள குண்டு. இருபது மைலுக்கு அப்பாலும் போய் விழும்.

நான் லண்டன் வரைபடத்தை விரித்து, கப்பலைத் தேம்ஸ் நதியில் நிறுத்தி, கவராயத்தால் ஒரு வட்டம் போட்டேன். இல்ஃபோர்ட், ஹவுன்ஸ்லோ, எல்லாமே உள்ளே வந்துவிட்டன. மாமா எட்டிப் பார்த்தார்.

"குரோய்டன் கட்டடமும் உள்ளுக்கையோ?"

"ஓம், நல்லா உள்ளுக்கை."

மாமா சத்தமாகச் சிரித்தார். அவர் சிரித்து நான் கேட்டது அபூர்வம். அம்மா சிரிக்கவில்லை. என் கையிலிருந்த கவராயத்தை வாங்கி, குத்திப்போடும் என்று சொல்லி, அலுமாரிக்குள் வைத்துவிட்டார்.

இன்னொரு நாள், அம்மா துணி அழுத்திக்கொண்டிருக்க, நான் உரக்க வாசித்தேன். குண்டைத் தள்ளுகிற வெடிமருந்தைப் பட்டுத் துணிப் பைகளில் கட்டித்தான் பீரங்கிக்குள் வைப்பார்களாம்.

"பட்டிலையோ?" அம்மா நிமிர்ந்தார். "ஏன் பட்டு?"

"பட்டு முழுக்க எரிஞ்சுபோகுமாம். மிச்சம் ஒண்டும் கிடக்காதாம்."

அம்மா அழுத்துப்பெட்டியை நிறுத்தினார். மடிக்காத துணிகளை அப்படியே விட்டுவிட்டு மாடிக்குப் போய்விட்டார். களைப்பாக்கும் என்று நினைத்தேன்.

புத்தகத்தில் என்னை மிகவும் பயப்படுத்தியது வேறு ஒரு பக்கம். ஹவாய்த் துறைமுகத்தில் மூழ்கிய ஒரு போர்க்கப்பல், ஆயிரத்துக்கு மேற்பட்ட மாலுமிகள் செத்த கப்பல், இன்னும் அங்கேயே தண்ணீருக்குள் கிடக்கிறது. அவர்களில் மிகப் பலர் இன்னும் அதற்குள்ளேயே. இத்தனை வருடம் கழித்தும் அதிலிருந்து சொட்டுச் சொட்டாக எண்ணெய் மேலே வருகிறதாம். அந்தப் படத்தைப் பார்த்த பிறகு எங்கள் கப்பலைத் தொடும்போதெல்லாம் கையைக் கழுவினேன்.

அதற்குப் பிறகுதான் அது தொடங்கியது.

பள்ளிக்கூடம் போகமுன் ஒன்பது பீரங்கிகளையும் அறையைப் பார்க்கத் திருப்பி வைப்பேன். புத்தகத்தில் அப்படித்தான், பக்கவாட்டில் சுடுகிற நிலையில், படம் இருந்தது. மூன்றரைக்குத் திரும்பி வருவேன். பெப்ரவரித் தொடக்கம். வெளியே வெளிச்சம் மங்கிக்கொண்டிருக்கும். கேஸ் அடுப்பு சீறிக்கொண்டிருக்கும். ஒன்பது பீரங்கிகளும் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, சுவரின் பூப்போட்ட காகிதத்தைப் பார்த்தபடி இருக்கும்.

முதல் நாள் ஒன்றும் நினைக்கவில்லை. இரண்டாம் நாளும் அப்படியே. மூன்றாம் நாள் தட்டில் பென்சிலால் கோடு போட்டுக் கப்பலை நிறுத்தினேன். கப்பல் கோட்டைவிட்டு அசையவில்லை. பீரங்கிகள் மட்டும் திரும்பியிருந்தன. மாமாவைக் கேட்டேன். இல்லையே என்றார். கேட்டுவிட்டு அவர் முகத்தைப் பார்த்தேன். பொய் சொல்லுகிற முகமாக இல்லை. அந்த மாலுமிகள் எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார்கள் என்று எனக்குள் ஏதோ சொன்னது. என்னோடு அவர்களுக்கு என்ன கோபம் என்றுதான் விளங்கவில்லை.

"மாமா, உண்மையான கப்பலிலயும் இப்பிடித் தானாத் திரும்புமோ?"

மாமா ஜன்னல் திரையை இழுத்து மூடினார். பிறகு, "எங்கட கடற்கரையில நேவிக் கப்பல் வந்து நிக்கும், பிள்ளை. நிண்டால் ஒண்டுமில்லை. பீரங்கி வாய் எந்தப் பக்கம் பாக்குது எண்டதைத்தான் எல்லாரும் பாப்பினம். எங்கட பக்கம் திரும்பினால், அடுப்பில கிடக்கிறதையும் விட்டிட்டு ஓடவேணும்," என்றார். "கொம்மாவுக்குக் கண் கூர்மை. ஊரில எல்லாருக்கும் முதல் அவதான் கண்டு கத்துவா."

அம்மா கத்துவாரா? எனக்குச் சிரிப்பு வந்தது. எங்கள் அம்மா, கடையில் மிச்சக் காசைக் குறைத்துத் தந்தால்கூட வாயைத் திறக்கமாட்டாதவர்.

அம்மாவைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். நாங்கள் முதலில் லண்டனின் மறுகோடியில், ஹவுன்ஸ்லோவில்தான் இருந்தோம். விமானங்கள் கூரையை உரசுவதுபோல் இறங்குகிற தெரு. அங்கே அம்மாவுக்கு ஒருமுறை சுகமில்லாமல் வந்து, மூன்று மாதம் ஆஸ்பத்திரியில் இருந்தார். என்னைப் பெரியம்மா வீட்டில் விட்டார்கள். காய்ச்சல் என்று சொன்னார்கள். காய்ச்சல் மாறியதும் இல்ஃபோர்டுக்கு வந்தோம். இங்கே பள்ளிக்கூடம் நல்லது என்றார் அப்பா. அதையும் நம்பினேன். ஆனால் படிக்கட்டில் இருந்து ஒருமுறை ஒட்டுக் கேட்டது நினைவிருக்கிறது. அப்பா தொலைபேசியில், "இன்னொருக்கா வந்தால் என்னால ஏலாது. பிள்ளையைத் திரும்பவும் எங்கை கொண்டுபோய் விடுறது?" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

ஒரு வெள்ளிக்கிழமை, ஆவியா மனிசரா என்று பார்த்துவிடுவது என்று முடிவுசெய்தேன். முன்னால் இருந்த கூட்டின் பீரங்கி ஒன்றில் கறுப்பு நூலைக் கட்டி, மறுமுனையைத் தட்டின் ஓரத்து ஆணியில் இறுக்கி முடிந்தேன். கூடு திரும்பினால் நூல் அறும். பின்னேரம் வந்து பார்த்தேன். நூல் அறவில்லை. முடிச்சு இரண்டும் பக்குவமாக அவிழ்த்து, நூலை நாலு விரலில் சுற்றி எடுத்ததுபோல் ஒரு சின்ன வளையமாகக் கப்பலுக்குப் பக்கத்தில் வைத்திருந்தது. பீரங்கிகள் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தன.

நான் போட்ட கூச்சலில் தெருவே திரும்பியிருக்கும். ஷிப்ட் முடிந்து அப்போதுதான் வந்த அப்பா, சப்பாத்தைக் கூடக் கழற்றாமல் ஓடிவந்தார். அவரைக் கட்டிப்பிடித்து எல்லாவற்றையும் கொட்டினேன். மாலுமிகள், எண்ணெய், நூல், எல்லாம். அதோடு நின்றிருக்கலாம். மாமா கடற்கரைக் கப்பல்பற்றிச் சொன்னதையும் சேர்த்துச் சொன்னேன்.

அப்பாவின் முகம் வெளுத்துவிட்டது. கோபம் என்று நினைத்தேன்.

"ஆர் இதைத் திருப்பினது?"

குசினி வாசலில் அம்மா, கை நிறைய மாவோடு நின்றார். மாமா படிக்கட்டில் நின்றார். மாமா அம்மாவைப் பார்த்தார். எவ்வளவு நேரம் பார்த்தார் என்று எனக்குத் தெரியாது. எனக்கு அது நீளமாக இருந்தது.

"நான்தான் அத்தான்," என்றார் மாமா.

"இல்லை, அவன்..." என்று அம்மா தொடங்கினார்.

"அக்கா, நீங்கள் சும்மா இருங்கோ. நான்தான். அந்த வாயைப் பாத்துக்கொண்டு இருக்க எனக்கு ஏலாமல் கிடக்கு."

அப்பா கதிரையில் இருந்தார். என் கதிரையில். "தம்பி, உன்னிலை எனக்குக் கோபமில்லை," என்றார். "ஆனால் இந்த வீட்டுக்குள்ள அந்தக் கதை வரக்கூடாது. கொக்காவுக்கு அது கூடாது எண்டு உனக்குத் தெரியும். ஹவுன்ஸ்லோவில பொடியள் ஒரு அறை வைச்சிருக்கிறாங்கள். அங்கை போய் இரு."

"கடிதம் வந்தால்?" என்றார் மாமா.

"வந்தவுடன் நான் கொண்டுவந்து தருவன்."

ஞாயிற்றுக்கிழமை மாமா ஒரு பையோடு போனார். நான் கட்டிலுக்குக் கீழே ஒளிந்துகொண்டு வெளியே வரவில்லை. கோபம் ஒரு பக்கம், வெட்கம் ஒரு பக்கம். இல்லையே என்று என்னிடம் பொய் சொன்னாரே என்று அழுதேன். என் வாயால்தானே அவருக்கு இருக்க இடமில்லாமல் போனது என்றும் அழுதேன். கீழே அம்மா அவருக்குச் சோற்றுப் பொதி கட்டிக் கொடுக்கிற சத்தம் கேட்டது.

திங்கட்கிழமை காலை, கோபத்தோடு ஒன்பது பீரங்கிகளையும் அறைப்பக்கம் திருப்பிவிட்டுப் பள்ளிக்கூடம் போனேன்.

பின்னேரம் அவை சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தன.

இந்த முறை நான் கத்தவில்லை. பயமும் வரவில்லை. எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது என்று நினைத்தேன். மாமாவிடம் இன்னும் எங்கள் வீட்டு வாசல் பூட்டுக்கான திறப்பு இருக்கிறது. அப்பா வேலைக்குப் போனபிறகு, ஹவுன்ஸ்லோவிலிருந்து ரயில் ஏறி வந்து, கப்பலைத் திருப்பிவிட்டுப் போகிறார். அப்படியென்றால் அவருக்கு என்னோடு கோபமில்லை. இதை ஒருவருக்கும் சொல்லக்கூடாது. சொன்னால் என்ன நடக்கும் என்று ஒருமுறை பார்த்தாயிற்று.

மறுநாள் காலை, பீரங்கிகளைத் திருப்பிவைத்து, கப்பலுக்குப் பக்கத்தில் ஒரு பிஸ்கட்டை வைத்துவிட்டுப் போனேன். டப்பாவில் இருந்தது இஞ்சி பிஸ்கட்தான். பின்னேரம் பிஸ்கட் இல்லை. துகள்கூட இல்லாமல் தட்டுத் துடைத்திருந்தது. பீரங்கிகள் சுவரைப் பார்த்தன. அதற்குப் பிறகு ஒவ்வொரு நாளும் வைத்தேன். ஒவ்வொரு நாளும் காணாமல் போனது. பெப்ரவரிக் கடைசியில், அந்த இரண்டு கப்பல்களும் நெருப்பைக் கக்குவதைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள். அம்மா முகத்தில் ஒன்றும் தெரியாமல் பார்த்துக்கொண்டிருந்தார். கையில் தைக்க எடுத்த நூலை நாலு விரலில் சுற்றிக்கொண்டிருந்தார். நான் அவரைப் பார்க்கவில்லை, கப்பலைப் பார்த்தேன்.

சித்திரை வருடப் பிறப்புக்கு மாமா சாப்பிட வந்தார். குரோய்டன் கடிதம் இன்னும் வரவில்லை. மெலிந்திருந்தார். அம்மா குசினியில் எங்களுக்கு முதுகைக் காட்டித் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தார். நான் மாமாவின் காதுக்குள் சொன்னேன்.

"நீங்கள் ஒவ்வொரு நாளும் வாறது எனக்குத் தெரியும். ஆருக்கும் சொல்லமாட்டன். இஞ்சி பிஸ்கட் எல்லாம் சாப்பிட்டிட்டீங்கள்தானே?"

மாமாவுக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு மெதுவாகத் திரும்பிக் கப்பலைப் பார்த்தார். சுவரைப் பார்க்கிற ஒன்பது பீரங்கிகளையும், எதிரே இருந்த என் கதிரையையும் பார்த்தார். கடைசியாக அம்மாவின் முதுகைப் பார்த்தார். தேத்தண்ணி ஊற்றுகிற சத்தம் நின்றிருந்தது.

"ஓம் பிள்ளை," என்றார். "நல்ல பிஸ்கட்."

எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். இஞ்சி என்றாலே மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடுகிற மனிதர் அவர் என்பது அப்போது எனக்கு நினைவில்லை. அந்தப் பீரங்கிகளின் வாய் ஒரு நாளும் என் கதிரையைப் பார்க்க விடாத ஆள், குசினியில் எனக்குத் தேத்தண்ணியை ஆற்றிக்கொண்டு நின்றார் என்பதும் எனக்குத் தெரியவில்லை.