கிடங்குச் சுவரில் நூர்க்குருவி

கல்யாணமாகி மூன்றாம் மாதமே என் வீட்டுக்காரர் ரங்கூன் கடைக்குக் கப்பலேறிவிட்டார். மதுரையில், பள்ளிவாசலுக்குப் பின்னால் இருந்த சந்தில், அவருடைய தாய் தகப்பனோடு நான் தங்கினேன். மாமாவும் மாமியும் நல்லவர்கள்தான். ஆனால் மாமா பகலெல்லாம் கடையில் இருப்பார். மாமி சாப்பிட்டதும் கண்ணயர்ந்துவிடுவார். பேச ஆளில்லாத அந்தப் பிற்பகல்களில் மாடிக்குப் போய், காயும் துணிகளுக்கு நடுவே உட்கார்ந்து பசுமலைப் பக்கம் பார்த்துக்கொண்டிருப்பேன்.

ஒருநாள் சீரில் வந்த கைக்கண்ணாடியைக் கொண்டுபோய்த் தலை வாரினேன். அதில் பட்ட வெயில் எதிர்வீட்டு மாடி ஜன்னலுக்குள் விழுந்திருக்கிறது. சற்று நேரத்தில் அங்கிருந்து பெரிய வெளிச்சம் ஒன்று கிளம்பி, எங்கள் மாடியை ஒட்டி உயர்ந்து நின்ற கிடங்கின் சுவரில் தடுமாறி ஏறியது. எப்போதும் நிழலில் கிடக்கும் வெள்ளைச் சுவர் அது. நானும் என் வெளிச்சத்தை அங்கே அனுப்பினேன். அது துரத்தியது. நான் ஓடினேன்.

இரண்டு வீட்டுக்கும் வந்துபோகும் வளையல்காரம்மாதான் விவரம் சொன்னார். அந்த அறையில் என் வயதுப் பெண் ஒருத்தி, இடுப்பெலும்பில் வந்த நோயால் எழுந்திருக்கக் கூடாதென்று படுக்கையிலேயே கிடந்தாளாம். சந்துக்கு மேலாகக் குரல் கொடுப்பது எங்கள் வீட்டுப் பெண்களுக்கு ஆகாது. அதனால் விளையாட்டின் சட்டதிட்டங்கள் எல்லாம் வளையல்காரம்மாவின் வாய்வழியாகவே போய் வந்தன. என் சின்ன வெளிச்சம் ஜின்களின் தோட்டத்திலிருந்து தப்பி வந்த நூர்க்குருவி, ஒளியாலான குருவி. அவளுடையது அதைப் பிடிக்க வந்த வலை. குருவி சுவரைவிட்டு வெயிலில் இறங்கினால் கரைந்து செத்துப்போகும். இதெல்லாம் அவள் கட்டிய கதை. வலையில் அகப்பட்ட குருவி மறுநாள் உயிர்த்து வரலாம் என்பது மட்டும் நான் கேட்டு வாங்கிய சலுகை.

அதற்கான சாமான்களை நாங்களே செய்துகொண்டோம். உடைந்த அகப்பையின் காம்பில் என் கண்ணாடியை அரக்கு வைத்து ஒட்டினேன். மணிக்கட்டை லேசாகத் திருப்பினாலே குருவி சுவரின் மறுகோடிக்குப் பறக்கும். பூத்தையல் வளையத்தில் பச்சைக் கண்ணாடித்தாளை இறுக்கிப் பூட்டி வைத்திருந்தேன். அதைக் கண்ணாடிக்கு முன்னால் பிடித்தால் குருவி இலையாகிவிடும். இலையை வலை தொடக்கூடாது. ஆனால் நான் மூச்சை அடக்கிக்கொண்டிருக்கும் வரைதான் இலை. அவளோ சுவர்க்கண்ணாடியைக் கழற்றித் தரச்சொல்லி, அதன்மேல் கறுப்பு நாடாக்களைக் குறுக்கும் நெடுக்குமாக ஒட்டி, மடியில் தலையணை வைத்துச் சாய்த்துக்கொள்வாளாம். சுவரில் அந்த வலை கட்டம் கட்டமாக வந்து விரியும்போது உண்மையாகவே என்னைப் பிடிக்க வருவதுபோல எழுந்து நின்றுவிடுவேன். அவள் முகத்தை நான் பார்த்ததில்லை. அவள் களைத்திருக்கிறாளா, வலியில் இருக்கிறாளா என்பது வலை நடுங்குவதிலிருந்தே தெரியும். அன்றைக்குக் குருவியை வேண்டுமென்றே மெதுவாகப் பறக்கவிடுவேன்.

பிறகு யுத்தம் ரங்கூன் வரைக்கும் வந்தது. அங்கே குண்டு விழுந்தது என்றார்கள். அவரிடமிருந்து எந்தத் தகவலும் இல்லை. மாமி தொழுகைப் பாயைவிட்டு எழுவதே குறைந்துபோயிற்று. நான் மாடியில் குருவியைப் பறக்கவிட்டுக்கொண்டிருந்தேன். வேறு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை.

கையில் யுத்தக் காவல் பட்டை கட்டிய இரண்டு பேர் ஒருநாள் மாமாவின் கடைக்குப் போய், உங்கள் மாடியிலிருந்து யாரோ எதிரி விமானத்துக்கு வெளிச்சம் காட்டுவதாகப் புகார் வந்திருக்கிறது என்று சொல்லியிருக்கிறார்கள். மாமா வீட்டுக்கு வந்து மாமியிடம் தாழ்ந்த குரலில் பேசினார். என்னை ஒன்றும் கேட்கவில்லை. மாமி மாடியேறி வந்து அகப்பைக் காம்பையும் வளையத்தையும் கையில் எடுத்துப் பார்த்தார்.

“நீ வெளையாண்டதுல தப்பில்லம்மா,” என்றார். “ஆனா ஊரு பயந்து கெடக்கு. இனி வேணாம்.”

கண்ணாடியைப் பெயர்த்து என்னிடமே கொடுத்துவிட்டுக் காம்பை அடுப்புக்கு எடுத்துப்போனார். எதிர்வீட்டிலும் சொல்லியிருக்க வேண்டும். அன்றிலிருந்து அந்த ஜன்னல் சாத்தியே இருந்தது.

அடுத்த மழைக்காலத்துக்கு முன்னால் என் வீட்டுக்காரர் வந்து சேர்ந்தார். பர்மாவிலிருந்து காட்டு வழியாக நடந்து வந்தவர்களில் ஒருவர். வாசலில் நின்றவரை மாமிக்கே அடையாளம் தெரியவில்லை. வந்த பிறகும் அவர் அதிகம் பேசவில்லை. சாப்பிடுவார், சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பார். வழியில் என்ன பார்த்தார் என்று ஒருநாளும் சொல்லவில்லை. குருவியைப் பற்றி அவரிடம் சொல்லப் பலமுறை வாயெடுத்தேன். அந்த முகத்துக்கு முன்னால் அது வெறும் சிறுபிள்ளைத்தனமாகத் தோன்றியது.

எதிர்வீட்டுப் பெண் எழுந்து நடக்கிறாள், திண்டுக்கல்லில் மாப்பிள்ளை பேசியிருக்கிறார்கள் என்று வளையல்காரம்மா சொன்னதும், மாமியிடம் கேட்டுக்கொண்டு பார்க்கப் போனேன். சுவரைப் பிடித்துக்கொண்டு ஒருத்தி வந்தாள். நான் மனதில் வைத்திருந்த முகம் அதுவல்ல.

“நீங்க இம்புட்டு உசரமா இருப்பீகன்னு நெனைக்கல,” என்றாள்.

உடம்பு தேவலையா என்று கேட்டேன். தேவலை என்றாள். அவள் அம்மா நன்னாரி சர்பத் கொண்டுவந்து, என் வீட்டுக்காரர் ரங்கூனில் எவ்வளவு சரக்கை விட்டுவிட்டு வந்தார் என்று விசாரித்தார். நான் பதில் சொல்லும் வரை அவள் தன் முந்தானை நுனியை முறுக்கிக்கொண்டிருந்தாள். சுவரில் ஒருவரை ஒருவர் அத்தனை துரத்தியவர்கள், பக்கத்தில் உட்கார்ந்ததும் அந்நியர்களாகிவிட்டோம்.

“வாரேன்,” என்று எழுந்தேன்.

கதவுவரை வந்தாள். கல்யாணத்துக்குக் கட்டாயம் வரவேண்டும் என்று அவள் அம்மா சொன்னார். நான் போகவில்லை. அன்றைக்கு என் வீட்டுக்காரருக்குக் காய்ச்சல். பக்கத்தில் உட்கார்ந்து நெற்றிக்கு ஈரத்துணி மாற்றிக்கொண்டிருந்தேன்.